திட்டு மூழ்கும் நேரம்

பெண்டர்ஸ் கோவ்
ஜூலை 30, வெள்ளி

அன்புள்ள நதீனுக்கு,

அம்மா எழுதுவது. நானும் உன் அப்பாவும் உடம்பளவில் சுகமாகவே இருக்கிறோம். அங்கே நீயும் மாப்பிள்ளை கிரெய்கும் டெஸ்ஸாவும் சின்னவள் ஜூனும் நன்றாக இருப்பீர்கள் என்று நினைத்துக்கொண்டே எழுத உட்கார்ந்தேன். நீ அனுப்பிய கம்பளிக் காலுறைகள் வந்து சேர்ந்தன, ஜூலை மாதத்தில் கம்பளிக் காலுறை அனுப்புகிற மகள் இந்த ஊரில் எனக்கு மட்டும்தான் உண்டு என்று உன் அப்பாவிடம் சொன்னேன், அவரோ அன்றைக்கே எடுத்துப் போட்டுக்கொண்டார், இந்த வருடம் கடல் காற்று அப்படித்தான் இருக்கிறது. மூடுபனி காலையில் வந்தால் மதியம் தாண்டியும் போவதில்லை. துவைத்த துணி காயவில்லை, ருபார்ப் செடி மட்டும் யாருக்கு என்று தெரியாமல் வளர்ந்து நிற்கிறது. பின்பக்கக் கூரை ஒழுகியதைப் பக்கத்து வீட்டுக் கிளேட்டன் வந்து அடைத்துக் கொடுத்தான், உன்னோடு பள்ளிக்கூடப் பஸ்ஸில் வந்தவன்தான், இப்போது இரண்டு படகு வைத்திருக்கிறான், தலையில் ஒரு முடி இல்லை. ஜூனுக்குப் பல் விழுந்ததா, டெஸ்ஸா நீச்சல் வகுப்புக்கு ஒழுங்காகப் போகிறாளா, இரண்டையும் மறக்காமல் எழுது. இதையெல்லாம் டெலிபோனில் சொல்லாமல் ஏன் ஆறு தாளை எடுத்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள் என்று நினைப்பாய். டெலிபோன் சமையலறைச் சுவரில் இருக்கிறது, அதற்குக் கீழேதான் உன் அப்பாவின் நாற்காலி. அவர் காதில் விழாமல் உனக்கு ஒரு சேதி சொல்லவேண்டும். ஆகஸ்ட் இருபத்தொன்றாம் தேதி நீ வந்து, இரண்டு நாள் இருந்து, குழந்தைகளை மூன்று வாரத்துக்கு எங்களிடம் விட்டுவிட்டு வேலைக்குத் திரும்புவதாக ஏற்பாடு. அந்த ஏற்பாட்டை முடிவு செய்வதற்கு முன் நீ இதைப் படித்தாகவேண்டும். அவர் இப்போது படகுத்துறைக்குப் போயிருக்கிறார், வர ஒரு மணி நேரமாவது ஆகும்.

போன ஞாயிற்றுக்கிழமை கெட்டில் தீவில் கல்லறை ஞாயிறு நடந்தது. மாப்பிள்ளைக்கும் இதைப் படித்துக் காட்டு, அவர் கோதுமை வயலில் பிறந்தவர், கடல் என்றால் அவருக்கு விடுமுறைப் படம்தான், அதனால் உனக்குத் தெரிந்ததையும் சேர்த்தே எழுதுகிறேன். நம் ஆட்கள் தீவைக் காலி செய்துவிட்டு இக்கரைக்கு வந்து அறுபது வருடம் ஆகிறது, ஆனால் செத்தவர்களைக் கூட்டிக்கொண்டு வரமுடியவில்லை, சர்ச்சும் கல்லறைகளும் அங்கேயே இருக்கின்றன. ஜூலை கடைசி ஞாயிறு எல்லோரும் திட்டு வழியாகத் தீவுக்குப் போய் களை பிடுங்கி, பூ வைத்து, ஜெபம் செய்து, உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு வருகிறோம். திட்டு என்பது வெறும் சரளைக்கல் மேடு, கடல் வற்றினால் மேலே வரும், ஏறினால் நம் வீட்டுக் கூரை அளவு தண்ணீருக்குள் போய்விடும். வற்றம் அடிமட்டத்துக்கு வருகிற நேரத்துக்கு இரண்டு மணி நேரம் முன்னாலும் இரண்டு மணி நேரம் பின்னாலும் நடக்கலாம், வண்டி ஓட்டலாம், அதற்குமேல் ஒரு நிமிடம்கூட அது யாருக்கும் நிற்காது. அன்றைக்கு ஒருவர் மட்டும் சர்ச் படியில் உட்கார்ந்து கடலைப் பார்த்துக்கொண்டிருப்பார், திட்டு மூழ்க ஒரு மணி நேரம் இருக்கும்போது சர்ச் மணியை அடிப்பார். மற்ற யாரும் கடிகாரம் பார்க்கக்கூடாது. நேரம் என்ன என்று வாய் தவறிக் கேட்டவர் அத்தனை பேர் சாப்பிட்ட தட்டையும் கழுவவேண்டும், போஸ்டனிலிருந்து வருகிற யாராவது ஒரு விருந்தாளி வருடா வருடம் அதில் மாட்டிக்கொள்வார். வருடம் முழுக்கக் கடலுக்குக் கணக்குப் பார்த்தே வாழ்கிற ஜனங்களுக்கு அந்த ஒரு நாள் கவலை இல்லாமல் சாப்பிடக் கிடைக்கிறது. அந்த மணிக்கயிறு இருபத்தாறு வருடமாக உன் அப்பா கையில்.

அடுத்தது காலண்டர். கடை காலண்டரில் ஏற்றவற்ற நேரம் எப்போதும் குளிர்கால நேரத்தில்தான் அச்சாகி வரும். கோடையில் ஊரெல்லாம் கடிகாரத்தை ஒரு மணி நேரம் முன்னால் தள்ளிவைக்கிற மாதங்களில் நாம்தான் ஒரு மணி நேரம் கூட்டிக்கொள்ளவேண்டும். உன் அப்பா பென்சிலால் ஒவ்வொரு தேதிக்கும் கூட்டி எழுதிவைப்பார், சின்ன வயதில் நீயும் பக்கத்தில் நின்று கூட்டல் போட்டிருக்கிறாய். இந்த வருடம் கடையை வாங்கிய புதுப் பையன் காலண்டரை வேறெங்கோ அச்சடிக்கக் கொடுத்தான், அதில் கோடை மாதங்களுக்கு ஒரு மணி நேரம் கூட்டியே போட்டிருக்கிறது, அடியில் பொடி எழுத்தில் அப்படி எழுதியும் இருக்கிறது. இதை ஊருக்கு முதலில் சொன்னவரே உன் அப்பாதான். ஏப்ரல் மாதம் கடையில் ஆணி வாங்கப் போனபோது, “ஒருவழியா நம்ம பென்சிலுக்கு ரிட்டயர்மென்ட் குடுத்துட்டாங்கப்பா” என்று கிளேட்டனிடம் சொல்லி அவர் சிரித்ததை நான் பக்கத்தில் நின்று கேட்டேன். இதை நன்றாக நினைவில் வைத்துக்கொள் நதீன். அவருக்குத் தெரியாமல் இல்லை.

ஞாயிறு காலை வெயில் அடித்தது. மூடுபனி தீவுக்கு அந்தப் பக்கம், கடலில் ஒரு மைல் தள்ளி, சுவர் மாதிரி நின்றது, நாள் முழுக்க அந்த இடத்தை விட்டு நகரவில்லை. உன் அப்பா முகம் மழித்து, வெள்ளைச் சட்டை போட்டு, காலண்டர் முன் நின்று, “ஒண்ணு நாப்பதுக்கு அடிமட்டம், பதினொன்னே முக்காலுக்குக் கிளம்பினா சரியா இருக்கும்” என்றார். போன வாரம் சர்ச்சிலும் அதையே அறிவித்திருந்தார். நான் ருபார்ப் கேக்கைத் துணியில் சுற்றிக்கொண்டிருந்தேன், திரும்பிக்கூடப் பார்க்கவில்லை, நாற்பத்துநாலு வருடமாக அவர் சொன்ன நேரத்தை நான் சரிபார்த்ததில்லை. கரைக்குப் போனால் திட்டு முழுசாக வெளியே கிடந்தது. மற்ற வருடங்களில் தண்ணீர் விலகுவதற்காக நாம்தான் காத்திருப்போம், குழந்தைகள் விளிம்பில் நின்று காலை நனைக்கும், முதல் கல் தெரிந்ததும் கூச்சல் போடும். இந்த வருடம் காத்திருக்க ஒன்றுமே இல்லை. சரளையின் மேல்பக்கம் வெள்ளையாகக் காய்ந்திருந்தது, பாசியில் ஈ மொய்த்தது. லொரெட்டா அத்தை கிளேட்டனின் டிரக்கில் முன்னால் உட்கார்ந்திருந்தாள், “இந்த வருஷம் கடல் நமக்கு முன்னாடியே எழுந்து வேலைய முடிச்சிட்டுப் போயிருச்சு. என் இடுப்பு புதுசு, கம்பெனி கேரண்டி இன்னும் முடியல, மெதுவா ஓட்டுடா” என்றாள். எல்லோரும் சிரித்தார்கள், நானும் சிரித்தேன். கிளேட்டன் மட்டும் வண்டிக் கண்ணாடியைத் துடைப்பதுபோல் எதையோ பார்த்துக்கொண்டிருந்தான். அவன் பார்த்தது கடலை என்று எனக்குப் பிறகுதான் தெரிந்தது.

நாள் நல்ல நாள்தான், அதைச் சொல்லாமல் இருக்கமுடியாது. குழந்தைகளோடு நாற்பத்தொரு பேர் வந்திருந்தோம். உன் பாட்டனார் கல்லில் பாசி ஏறியிருந்தது, சுரண்டிவிட்டுப் பூ வைத்தேன், உன் பெயரைச் சொல்லி ஒரு கொத்து தனியாக வைத்தேன். புதுப் போதகர் கெயில், முப்பது வயதுகூட ஆகாத பெண், ஜெபத்தைச் சுருக்கமாக முடித்து எல்லோருடைய அன்பையும் சம்பாதித்துக்கொண்டாள். மீன் சூப், உருளைக்கிழங்கு சாலட், கடுகு ஊறுகாய், மூன்று விதக் கேக். சர்ச்சுக்குப் பின்னால், காற்று படாத பள்ளத்தில்தானே உட்கார்ந்து சாப்பிடுவோம், அங்கிருந்து பார்த்தால் திறந்த கடலும் அந்த மூடுபனியும்தான் தெரியும், திட்டு தெரியாது. திட்டு தெரிவது சர்ச் படியிலிருந்து மட்டும். சாப்பாட்டு வேலைக்காக நான் கைக்கடிகாரம் கட்டியிருந்தேன், சட்டைக் கைக்குள் மறைத்து. ஒன்றரை மணிக்கு மேல் இருக்கும், எனக்கு ஒன்று உறைத்தது. வெளியே கிடந்த காய்ந்த மணலில் பிள்ளைகள் ஒரு கோட்டை கட்டியிருந்தார்கள், அது இப்போது அலையில் கரைந்துகொண்டிருந்தது. ஒன்று நாற்பதுக்கு அடிமட்டம் என்றால் தண்ணீர் இன்னும் இறங்கிக்கொண்டல்லவா இருக்கவேண்டும். பொடி எழுத்து ஞாபகம் வந்தது. காலண்டரில் அச்சாகியிருந்தது பன்னிரண்டு நாற்பது. அவர் மறுபடியும் கூட்டியிருக்கிறார். அப்படியானால் மணி அடிக்கவேண்டியது இப்போது, ஒன்று நாற்பதுக்கு. அவர் அடிக்கப்போவது இரண்டு நாற்பதுக்கு, திட்டு மூழ்குகிற அதே நிமிடத்தில்.

எழுந்து கத்தியிருக்கவேண்டும் என்று நீ சொல்வாய். நான் ஒரு தட்டில் கேக் துண்டை வைத்துக்கொண்டு, யாருக்கும் எதுவும் தெரியாதபடி, சர்ச் படிக்கு நடந்து போனேன். உன் அப்பா முழங்காலில் கடிகாரத்தை வைத்துக்கொண்டு, முதுகு நிமிர்ந்து, கடலுக்கு நேராக உட்கார்ந்திருந்தார். கீழே திட்டின் கழுத்துப் பகுதி, அதுதானே எல்லாவற்றிலும் தாழ்ந்த இடம், அங்கே இரண்டு பக்கத்திலிருந்தும் தண்ணீர் நாக்கு நீட்டிக்கொண்டு வந்தது. பன்றிப்பாறையின் பாதி முங்கிவிட்டது. பாறையில் தொங்குகிற பாசி எல்லாம் கரைப்பக்கம் சாய்ந்து ஓடியது, ஏற்றத்தில்தான் அது அப்படிச் சாயும். நான் மெதுவாக, “ஹோலிஸ், தண்ணி ஏறுதுங்க” என்றேன். அவர் என்னைப் பார்த்துச் சிரித்தார், “இறங்குது வெர்னா, இன்னும் கொஞ்சம் இறங்கணும்” என்றார். பார்க்காமல் சொல்லவில்லை. நேராக அந்தத் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே சொன்னார். காலண்டரில் யாருக்கும் கை தவறலாம், கூட்டினதை மறுபடி கூட்டலாம், நானே செய்திருப்பேன். ஆனால் எழுபத்திரண்டு வருடம் இந்தக் கடலில் பிழைத்த மனிதர் கண்ணெதிரே ஏறுகிற தண்ணீரைப் பார்த்து இறங்குகிறது என்கிறார்.

இனி எழுதப்போவதுதான் எனக்குக் கஷ்டம். நான் அவர் பக்கத்தில் உட்கார்ந்தேன். கேக்கை இரண்டாக வெட்டி ஒரு பாதியை அவரிடம் கொடுத்தேன். அவராகவே பார்த்துவிடுவார், இதோ இந்த நிமிடம் பார்த்துவிடுவார், பார்த்துத் துள்ளி எழுந்து மணி அடித்துவிட்டால் யாருக்கும் எதுவும் தெரியவேண்டாம் என்று உட்கார்ந்திருந்தேன். இருபத்தாறு வருடம் மணியடித்தவரின் கையிலிருந்து நாற்பது பேர் முன்னால் கயிற்றைப் பிடுங்க எனக்கு மனம் வரவில்லை. அவர் மானம் என்று சொல்லிக்கொண்டேன், அதில் பாதி என் மானம். இருபது நிமிடம் நதீன். நாற்பத்தொரு பேர், அதில் பன்னிரண்டு குழந்தைகள், பின்னால் பள்ளத்தில் பாட்டுப் பாடிக்கொண்டிருந்தார்கள், நான் கேக் தின்றுகொண்டிருந்தேன்.

பிறகு கீழே ஒரு மஞ்சள் மேல்சட்டை தெரிந்தது. போஸ்டனிலிருந்து வந்த பெண், கைக்குழந்தையை முதுகில் கட்டியவள், திட்டின் நடுவில் குனிந்து தின்கிற பாசியைப் பொறுக்கிப் பையில் போட்டுக்கொண்டிருந்தாள். மணி அடிக்கவில்லையே, அவளுக்கு என்ன பயம். அவளுக்கு முன்னால் கழுத்தில் தண்ணீர் மூட ஆரம்பித்துவிட்டது, பின்னாலும் பளபளவென்று வந்துகொண்டிருந்தது, அவள் நிமிரவே இல்லை. நான் எழுந்து கயிற்றைப் பிடித்து இழுத்தேன். முதல் அடி விழுந்ததும் உன் அப்பா என் மணிக்கட்டைப் பிடித்தார். “கயித்த விடு. அது உன் வேலை இல்ல. ஜனங்கள பயமுறுத்தாத” என்றார். குரலை உயர்த்தவில்லை, ஆனால் பிடி இரும்பாக இருந்தது, இதுவரை அவர் என்னை அப்படித் தொட்டதில்லை. நான் இன்னொரு கையால் அடித்தேன். அடித்துக்கொண்டே இருந்தேன். கிளேட்டன் ஏற்கனவே நாற்காலிகளையும் லொரெட்டா அத்தையையும் டிரக்கில் ஏற்றி, என்ஜினைப் போட்டு வைத்திருந்தான் என்று அப்போதுதான் பார்த்தேன். முதலில் அந்தப் பெண்ணிடம்தான் ஓட்டினான், குழந்தையோடு அள்ளி மேலே போட்டான். மூன்று தடவை போய்வந்தான், கடைசித் தடவை சக்கரத்தின் பாதிக்குத் தண்ணீர். மற்றவர்கள் பிள்ளைகளைத் தோளில் வைத்துக்கொண்டு, கை கோர்த்துக்கொண்டு நடந்தோம். எனக்கு முழங்கால் வரை வந்தது, நீரோட்டம் காலை ஒரு பக்கமாகவே இழுத்தது, கீழே சரளை உருளுகிற சத்தம் தண்ணீருக்குள் கேட்டது. உன் அப்பா என் பக்கத்தில் நடந்து வந்தார், கடிகாரத்தைக் கையில் பிடித்தபடியே.

யாருக்கும் ஒன்றும் ஆகவில்லை. லொரெட்டா அத்தையின் ஒரு செருப்பு போனது, ஒரு பாத்திரம் சூப்பும் மூன்று நாற்காலியும் போயின, அவ்வளவுதான். இக்கரையில் நின்று எல்லோரும் காலுறையைப் பிழிந்துகொண்டு சிரித்தார்கள். போதகர் கெயில், “செங்கடலத் தாண்டுனப்பவும் யாராவது செருப்பத் தொலைச்சிருப்பாங்க, பைபிள்ல எழுதாம விட்டுட்டாங்க” என்றாள். அருமையான நாள், மறக்கமுடியாத நாள் என்று போஸ்டன்காரர்கள் கை குலுக்கிக்கொண்டு போனார்கள், அவர்களுக்கு அது ஒரு விளையாட்டு. நான் நம் ஆட்களைப் பார்த்தேன். நம் ஊர் உனக்குத் தெரியும், ஒருவன் வலையைத் தலைகீழாக விரித்துவிட்டால் அவன் பேரனைக்கூட அதைச் சொல்லிக் கிண்டல் செய்வார்கள். லொரெட்டா அத்தை சொந்த அண்ணன் என்று எப்போதாவது விட்டதுண்டா. அன்றைக்கு உன் அப்பாவை ஒருவர்கூடக் கிண்டல் செய்யவில்லை. வந்து தோளைத் தட்டினார்கள், சட்டை நன்றாக இருக்கிறது என்றார்கள், கடலைப் பற்றி ஒரு பேச்சு இல்லை. திட்டின் நடுவில்கூட நான் அவ்வளவு பயப்படவில்லை. எல்லோருக்கும் தெரிந்திருக்கிறது, எனக்கு முன்னாலேயே தெரிந்திருக்கிறது. கிளேட்டன் என் பக்கத்தில் வந்து தலையைக் குனிந்துகொண்டு, “வந்து இறங்கினப்பவே எனக்குத் தெரியும். நான்தான் அடிச்சிருக்கணும். கயிறு அவரோடது, எனக்குக் கை வரல” என்றான். ஆக, நான் இருபது நிமிடம் உட்கார்ந்தேன் என்றால் அவன் இரண்டு மணி நேரம் உட்கார்ந்திருக்கிறான். அன்பால் நாங்கள் எல்லோரும் சேர்ந்து ஒரு குழந்தையை மூழ்கடித்திருப்போம். வீட்டுக்கு வரும் வழியில் உன் அப்பா ஜன்னலைப் பார்த்துக்கொண்டே, “இந்த வருஷம் சீக்கிரமா முடிஞ்சு போச்சே, யாரு மணி அடிச்சா” என்று கேட்டார். என் மணிக்கட்டில் அவருடைய நாலு விரலும் சிவந்து கிடந்தது. நான்தான் என்றேன். “சரி, அடுத்த வருஷம் அவசரப்படாத” என்றார்.

இது முதல் தடவையும் இல்லை. ஜூன் மாதம் நம் படகை ஏற்றத்தின்போது துறையில் கட்டினவர், கயிற்றில் தளர்ச்சி விடாமல் கட்டிவிட்டார். தண்ணீர் இறங்கியதும் படகு துறைச் சுவரில் அந்தரத்தில் தொங்கியது. வெளியூர் ஆள் செய்கிற வேலை அது. எவனோ அவிழ்த்து மாற்றிக் கட்டிவிட்டான் என்று சாதித்தார், நானும் சரி என்று தலையாட்டினேன். கிளேட்டன் கயிற்றை அறுத்துப் படகை இறக்கினான், என்னிடம்கூட ஒரு வார்த்தை சொல்லவில்லை. திங்கட்கிழமை நான் ரப்பரை எடுத்து, ஆகஸ்ட் பக்கத்தில் அவர் பென்சிலால் எழுதியிருந்ததை எல்லாம் அழித்தேன். செவ்வாய்க்கிழமை காலை அவர் அதன் முன்னால் வெகுநேரம் நின்றார், பிறகு சின்னக் குரலில், “வெர்னா, இது கூட்டினதா, கூட்டாததா” என்று கேட்டார். கூட்டினதுதான், அப்படியே படியுங்கள் என்றேன். சரி சரி என்று என் தலையைத் தடவினார். அந்த நிமிடம் அவருக்கும் தெரியும் என்று நினைக்கிறேன், அவர் கண் அப்படி இருந்தது, நான் ஏதாவது கேட்டிருந்தால் சொல்லியிருப்பார், எனக்குத்தான் தைரியம் இல்லை. சாயங்காலம் பார்த்தால் பென்சில் எழுத்து எல்லாத் தேதியிலும் திரும்ப வந்திருந்தது. மறுபடி அழித்தேன். நேற்றும் வந்திருந்தது. செப்டம்பர் பதினாலாம் தேதி செயின்ட் ஜான் நகரத்தில் டாக்டரைப் பார்க்க நேரம் வாங்கி வைத்திருக்கிறேன், காது பரிசோதனை என்று அவரிடம் சொல்லியிருக்கிறேன், பொய்தான். லொரெட்டா அத்தை மணிக்கயிற்றைக் கிளேட்டனுக்குக் கொடுத்துவிடலாம் என்கிறாள், கிளேட்டனோ அவர் இருக்கும்வரை தொடமாட்டேன் என்கிறான். அவர்கள் பாடு.

உனக்கு நான் சொல்வது இதுதான். வராமல் இருந்துவிடாதே. அவர் குழந்தைகளுக்காக நாள் எண்ணிக்கொண்டிருக்கிறார், அவர்களுக்கென்று இரண்டு சின்னக் களைக்கொத்து வாங்கி வைத்திருக்கிறார். ஆனால் மூன்று வாரம் விட்டுவிட்டுப் போகாதே, உனக்கு எத்தனை நாள் லீவு கிடைக்கிறதோ அத்தனை நாள் கூட இரு, போகும்போது அவர்களையும் கூட்டிக்கொண்டு போ. நான் ஒருத்தி எல்லா நேரமும் அவர் பின்னால் நிற்கமுடியாது, குளிக்கப் போகிற நேரத்தில் அவர் பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு இறங்கிவிட்டால் நான் என்ன செய்வேன். வந்த மறுநாள், இருபத்திரண்டாம் தேதி ஞாயிறு, அவர்களைத் தீவுக்குக் கூட்டிப்போவதாகத் திட்டம் போட்டிருக்கிறார். அன்றைக்கு அடிமட்டம் பதினொன்று இருபத்தைந்துக்கு. அச்சைப் பார்த்தேன், கிளேட்டனிடமும் கேட்டேன், துறையில் ஒட்டியிருக்கும் அட்டையையும் பார்த்தேன், மூன்றும் ஒன்றுதான். ஒன்று இருபத்தைந்துக்குத் திட்டு மூழ்கிவிடும். அவர் கேட்டால் கிரெய்க் விடமாட்டேன் என்கிறார் என்று சொல்லிவிடு, பழியை மாப்பிள்ளை மேல் போடு, அவரை ஏற்கனவே உன் அப்பாவுக்குப் பாதிதான் பிடிக்கும், இன்னும் கொஞ்சம் குறைந்தால் ஒன்றும் கெட்டுவிடாது. டெஸ்ஸாவிடம் மட்டும் தனியாகச் சொல், அவளுக்கு ஒன்பது வயது, புரியும், தாத்தா கூப்பிட்டாலும் அம்மாவைக் கேட்காமல் சரளையில் கால் வைக்கக்கூடாது என்று. பயமுறுத்தாமல் சொல். எனக்கு அப்படிச் சொல்லத் தெரியவில்லை.

அவர் வந்துவிட்டார், பூட்ஸைக் கழற்றுகிற சத்தம் கேட்கிறது. நதீனுக்கா, நானும் இரண்டு வரி எழுதுகிறேன் என்கிறார். எழுதினதை எல்லாம் மடித்துத் தையல் கூடைக்குள் வைத்துவிட்டு இந்தக் கடைசித் தாளை மட்டும், எழுதின பகுதியை உள்ளே மடித்து ஊசி குத்திக் கொடுக்கப்போகிறேன், அடியில் இடம் விட்டிருக்கிறேன். அவர் என்ன எழுதினாலும் நான் அழிக்கமாட்டேன், நீயே பார்த்துக்கொள். பதிலை லொரெட்டா அத்தை முகவரிக்கு எழுது, இந்த வீட்டுக்கு வருகிற கடிதத்தை முதலில் பிரிப்பவர் உன் அப்பாதான், மறந்துவிடாதே. குழந்தைகளுக்கு ரப்பர் பூட்ஸ் எடுத்து வா. ஆண்டவர் உங்கள் நாலு பேரையும் அந்தக் காய்ந்த பூமியில் பத்திரமாக வைத்திருக்கட்டும், இனி அது எவ்வளவு தூரம் என்று நான் உன்னிடம் குறைப்பட்டுக்கொள்ளமாட்டேன்.

என்றும் உன் நினைவோடு,
அம்மா வெர்னா

என் செல்ல நதீன், அம்மா இவ்வளவு நேரம் அப்படி என்னதான் எழுதினாளோ, எனக்கு ஓரத்தில் துண்டு இடம்தான் விட்டிருக்கிறாள். காலுறை அருமை, இப்போதும் காலில் இருக்கிறது. பிள்ளைகளிடம் சொல், ஞாயிற்றுக்கிழமை தாத்தா அவர்களைத் தீவுக்குக் கூட்டிப்போகிறேன், களைக்கொத்து தயார். காலண்டர் பார்த்துவிட்டேன், கூட்டியும் பார்த்துவிட்டேன், பன்னிரண்டு இருபத்தைந்துக்கு அடிமட்டம், இரண்டு இருபத்தைந்து வரை தாராளமாக விளையாடலாம். உன் அம்மா இப்போதெல்லாம் அவசரப்படுகிறாள், அவள் சொல்வதைக் காதில் போட்டுக்கொள்ளாதே. நான் மணி அடிக்கிறவரைக்கும் பிள்ளைகள் தீவிலேயே இருக்கட்டும்.
அப்பா